வேலிக்கு மேலே தெரிந்த பந்து

முதலில் ஒரு மன்னிப்பு. ப்ளஸ் டூவோடு படிப்பை நிறுத்தியவன் நான். நாலு பேர் கூடிய இடத்தில் குடிக்கத் தண்ணீர் கேட்கவே கூச்சப்படுகிறவன். இத்தனை பேர் படிக்கிற பத்திரிகையில் வாராவாரம் ஒரு பக்கத்தைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பது அதிகப்பிரசங்கித்தனம்தான். ஆனால் போன வாரம் எழுதியதைப் படித்துவிட்டு, "பையன் அமெரிக்க ஃபுட்பால் ஆடுகிறான் என்று ஒரே வரியில் தாண்டிப் போய்விட்டீர்களே, அது என்ன கதை?" என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். கேட்டவருக்குப் பதில் சொல்லாமல் இருப்பதும் மரியாதை இல்லை. பொறுத்துக்கொள்ளுங்கள்.

அது ஒரு தீபாவளி நாள் காலை. செவ்வாய்க்கிழமை. நியூஜெர்சியில் ஒரு பெரிய டீமின் பயிற்சி மைதானத்துக்கு வெளியே, பார்க்கிங்கில், எங்கள் பழைய காருக்குள் தனியாக உட்கார்ந்திருந்தேன். மைதானத்தைச் சுற்றி இரண்டு ஆள் உயரத்துக்குக் கம்பி வேலி. வேலி முழுக்கப் பச்சைத் துணி கட்டி மறைத்திருந்தார்கள். உள்ளே என் மகன் முகிலன். அவனைப் போல இன்னும் இரண்டு பேர். மூன்று பேரில் ஒருவனுக்குத்தான் வேலை.

உள்ளே நடப்பது எதுவும் தெரியவில்லை. பந்து மட்டும் தெரிந்தது. 'டொம்' என்று உதைக்கிற சத்தம் கேட்கும். அடுத்த நொடி பந்து விருட்டென்று வேலிக்கு மேலே ஏறி, மேகத்தைத் தொடுகிற மாதிரி போய், அந்தப் பக்கம் இறங்கும்.

முகிலனின் வேலை அந்தப் பந்தை உதைப்பது இல்லை. உதைக்கிறவன் கைக்கு அதை அனுப்பி வைப்பது. அவன் அனுப்புகிற பந்து ஒரு ஆளின் நெஞ்சு உயரத்தைத் தாண்டக் கூடாது. அதாவது, அவன் எறிகிற பந்து எதுவும் வெளியே உட்கார்ந்திருக்கிற என் கண்ணில் படவே கூடாது.

ஃபிளாஸ்க் மூடியில் காபி ஊற்றி வாயருகே கொண்டுபோனேன். அப்போது ஒரு பந்து வேலிக்கு மேலே வந்தது. 'டொம்' சத்தம் இல்லை. விருட்டென்று ஏறவும் இல்லை. இடது பக்கம் கோணிக்கொண்டு, சோம்பேறித்தனமாக எழும்பி, என்னை ஒரு முறை எட்டிப் பார்த்துவிட்டு இறங்கிப் போனது.

யார் எறிந்தது என்று எனக்குத் தெரிந்துவிட்டது. ஏன் அப்படிப் போனது என்பதும் தெரிந்துவிட்டது. காபியைத் திரும்ப ஃபிளாஸ்க்கிலேயே ஊற்றினேன்.

குனிந்து நிற்கிற உத்தியோகம்

இந்த விளையாட்டைப் பற்றி எனக்குத் தெரிந்தது கொஞ்சம்தான். தெரிந்தவரை சொல்கிறேன். பதினோரு பேர், எதிரே பதினோரு பேர். பந்தை வைத்துக்கொண்டு முன்னேறப் பார்ப்பார்கள். முடியாமல் போனால் தூரத்துக்கு உதைத்துவிடுவார்கள். அந்த உதைக்கு மட்டும் ஒரு தனி ஆள் ஓடி வருவான். பந்தின் மேல் குனிவான். தலைகீழாக, தன் இரண்டு காலுக்கு நடுவே பின்னால் பார்ப்பான். பதினைந்து கஜம் தள்ளி நிற்கிறவன் கையில், கண்ணிமைக்கிற நேரத்துக்குள், பம்பரமாய்ச் சுழல்கிற பந்தைக் கொண்டுபோய்ச் சேர்ப்பான். உடனே நிமிர்ந்து, எதிரே பாய்ந்து வருகிற ஒரு மலையைத் தாங்குவான். பிறகு போய் உட்கார்ந்துகொள்வான். லாங் ஸ்னாப்பர் என்று பெயர்.

ஒரு ஆட்டத்தில் ஏழெட்டுத் தடவை குனிந்தால் அதிகம். எங்கள் மகன் இப்போது மேற்குக் கரையில், பே ஏரியாவில் ஒரு டீமில் ஐந்தாவது வருஷமாகக் குனிந்துகொண்டிருக்கிறான். டி.வி.யில் இதுவரை அவன் முகத்தை நான் சரியாகப் பார்த்ததில்லை. பார்த்ததெல்லாம் வேறு. உலகத்தில் பெற்ற பிள்ளையைப் பின்பக்கம் வைத்தே அடையாளம் சொல்லக்கூடிய தாய் தகப்பன் நாங்களாகத்தான் இருப்போம்.

இந்த உத்தியோகத்தில் இன்னொரு விசேஷம் உண்டு. வர்ணனை செய்கிறவர்கள் அவன் பேரைச் சொல்லவே மாட்டார்கள். சொன்னால் தப்புப் பண்ணிவிட்டான் என்று அர்த்தம். உமா, என் மனைவி, ஆட்டம் முழுக்க டி.வி. சத்தத்தைக் கூட்டி வைத்துக்கொண்டு, பேர் வருகிறதா என்று காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். வரவில்லை என்றால் அன்றைக்கு வீட்டில் பாயசம்.

பள்ளிக்கூடத்தில் அவன் இதற்கு ஆசைப்பட்டுப் போகவில்லை. "ஓடுறதுக்கு ஸ்பீடு இல்லை, இடிக்கிறதுக்கு வெயிட் இல்லை, இதைப் பண்றியா?" என்று கேட்டார்களாம். வேறு யாரும் கை தூக்காததால் இவன் தூக்கினான். இந்த ஒரு விஷயத்தில் பிள்ளை என்னைக் கொண்டு பிறந்திருக்கிறான். எனக்கு வேலைகள் கிடைத்ததெல்லாம் அப்படித்தான்.

பிடிக்கிறவன்

குனிந்து எறிய ஒருவன் இருந்தால், பின்னால் நின்று பிடிக்க ஒருவன் வேண்டுமே. நியூஜெர்சி பிளெய்ன்ஸ்பரோவில் எங்கள் அபார்ட்மென்ட் பார்க்கிங்கில் அந்த ஒருவன் நான்.

நான் ஐசலினில் ஒரு மளிகைக் கடையில் காய்கறிப் பகுதியில் வேலை பார்க்கிறேன். உமா எம்.எஸ்ஸி. கெமிஸ்ட்ரி. அவள் விசாவில்தான் நான் இந்த ஊருக்கே வந்தேன். கடையில் நம் பெண்கள் வெண்டைக்காய் நுனியை ஒடித்து ஒடித்துப் போடுவதை ஒன்றும் சொல்லாமல் பார்த்துக்கொண்டு நிற்பது என் பகல் வேலை. சாயந்திரம் வந்ததும் கம்பளிக் கையுறை போட்டுக்கொண்டு மகனுக்குப் பின்னால் பதினைந்து கஜத்தில் நிற்பேன். நாற்பது பந்து.

முதல் வருஷத்திலேயே இடது கைச் சுண்டுவிரல் வளைந்துவிட்டது. இன்றைக்கும் கும்பிட்டால் அது மட்டும் தனியாக நிற்கும்.

எங்கள் பிளாக்கில் சுந்தரம் சார் என்று ஒருவர். சென்னைக்காரர். தினமும் ரயிலேறி ஜெர்சி சிட்டிக்குப் போய் ஒரு பாங்கில் கம்ப்யூட்டர் வேலை பார்க்கிறவர். முதல் நாள் எங்களைப் பார்த்தபோது கையில் பால் கேனோடு அப்படியே நின்றுவிட்டார்.

"என்ன சார் இது? பெத்த அப்பனுக்கு எதைக் காட்டிக்கிட்டு நிக்கிறான் பையன்?"

"பிராக்டிஸ் சார்" என்றேன்.

"பிராக்டிஸ் பண்ணி வேற காட்டணுமா?"

முகிலன் குனிந்தபடியே, காலுக்கு நடுவிலிருந்து, "ஹாய் அங்கிள்!" என்றான். அவர் அதற்குப் பதில் வணக்கம் சொல்வதா வேண்டாமா என்று தெரியாமல் வீட்டுக்குள் போய்விட்டார்.

இத்தனை வருஷத்தில் நான் கற்றுக்கொண்டது ஒன்றே ஒன்று. அவன் எறிகிற பந்தைப் பார்க்காமலே சொல்வேன். நன்றாக வருகிற பந்து 'ஸ்ஸ்' என்று ஒரே சீராக இழையும். வலது கை பிடி தவறினால் இடது பக்கம் கோணிக்கொண்டு மேலே ஏறும். மழை நாளில் பந்து நனைந்திருந்தால்தான் அப்படி ஆகும்.

அந்தத் தீபாவளியன்று மழை இல்லை.

உமா வைத்த கெடு

கொஞ்சம் பின்னால் போகிறேன். டெக்சாஸில் ஒரு காலேஜ் அவனை இந்தக் குனிகிற வேலைக்காகவே சேர்த்துக்கொண்டது. நாலு வருஷம் நன்றாகவே ஆடினான். படிப்பு முடிந்ததும் அங்கேயே ஒரு பெரிய டீம் கோடைக்காலப் பயிற்சிக்கு எடுத்தது. ஊரெல்லாம் சொல்லிவிட்டோம். ஆகஸ்ட் கடைசியில் ஒரு காலை கூப்பிட்டு, ஆட்டத் திட்டங்களைப் போட்டுக் கொடுத்திருந்த ஐபேடைத் திருப்பி வாங்கிக்கொண்டு, கை குலுக்கி அனுப்பிவிட்டார்கள். அவன் ஒரு பெட்டியோடும் இரண்டு பந்தோடும் வீட்டுக்கு வந்தான். இரண்டு வருஷம் ஒரு கிடங்கில் பார்சல் தூக்கினான். சாயந்திரமானால் நாற்பது பந்து.

எந்த டீமிலாவது யாருக்காவது அடிபட்டால் போன் வரும். மொத்த நாட்டிலும் இந்த வேலைக்கு ஒரு டீமுக்கு ஒரு ஆள். அந்த ஆளோ பதினைந்து வருஷம் ஆனாலும் இடத்தை விட்டு எழுந்திருக்க மாட்டான்.

உமா மருந்துக் கம்பெனி லேபில் சோதனை பார்க்கிறவள். வீட்டிலும் அந்தச் சோதனைக் கண்ணாடியைக் கழற்ற மாட்டாள். ஒரு தடவை தோசை மாவில் பாத்திரம் கழுவுகிற சோப் ஒரு சொட்டுத் தெறித்துவிட்டது. முழு மாவையும் கொட்டினாள். "ஒரு தோசை ஊத்திப் பார்க்கலாமே" என்றேன். "கலந்தது கலந்ததுதான். அதை வெச்சு நல்லது கெட்டது எதையும் சொல்ல முடியாது. மறுபடி மொதல்லேர்ந்து" என்றாள்.

அவள்தான் கெடு வைத்தாள். "முகி, இந்த தீபாவளி வரைக்கும். அதுக்கப்புறம் மாஸ்டர்ஸ் அப்ளை பண்ணணும். பந்து பரண்ல."

"டீல் மா" என்று கை கொடுத்தான். எங்களுக்குப் பரணே கிடையாது என்று யாரும் சொல்லவில்லை.

தீபாவளிக்கு முந்தின நாள் காலை போன் வந்தது. நம் ஊர் டீமின் ஸ்னாப்பருக்கு ஞாயிற்றுக்கிழமை ஆட்டத்தில் முழங்கால் போய்விட்டதாம். செவ்வாய்க்கிழமை காலை ஏழரைக்கு வரச் சொன்னார்கள்.

"தீபாவளி வரைக்கும்னா தீபாவளியும் சேர்த்தாமா?" என்று முகிலன் கேட்டான்.

உமா காலண்டரைப் பார்த்தாள். "சாயந்திரம் விளக்கு ஏத்தற வரைக்கும்" என்றாள். கோர்ட்டில்கூட இவ்வளவு சுத்தமாகத் தீர்ப்பு வராது.

ஒரு கரண்டி நல்லெண்ணெய்

அதிகாலை நாலரைக்கு எழுந்தோம். மிளகும் ஓமமும் போட்டு உமா எண்ணெய் காய்ச்சினாள். வழக்கம்போலப் புகை அலாரம் அலறியது. வழக்கம்போல நான் நாற்காலி மேல் ஏறித் துண்டால் விசிறினேன்.

முகிலன் சமையலறைத் தரையில் மணைப் பலகைக்குப் பதிலாக ஒரு அரிசி மூட்டையின் மேல் உட்கார்ந்தான். ஆறு அடி இரண்டு அங்குலம்.

"செவ்வாய்க்கிழமை ஆம்பளைங்க எண்ணெய் தேய்ச்சுக்க மாட்டாங்க. தீபாவளிக்கு மட்டும் கிழமை கிடையாது" என்று உமா ஒரு விரலால் தொட்டு உச்சியில் வைத்தாள். "போதும். சாஸ்திரத்துக்கு ஒரு சொட்டு. அவனுக்கு இன்னிக்கு வேலை இருக்கு. நீங்களும் ஒரு சொட்டு வையுங்க." இட்லி வேக வைத்திருந்ததால் திரும்பி அடுப்புப் பக்கம் போனாள்.

கரண்டி என் கையில் இருந்தது. எண்ணெய் வெதுவெதுப்பாக இருந்தது.

நாலாம் வகுப்புக்கு மேல் அவனுக்கு நான் வீட்டுப்பாடம் சொல்லிக்கொடுத்ததில்லை. காலேஜ் சேர்க்கும்போது எந்தப் பேப்பரிலும் நான் படித்துக் கையெழுத்துப் போட்டதில்லை. டெக்சாஸிலிருந்து அனுப்பிவிட்ட அன்றைக்கு ஏர்போர்ட்டில் போய் நின்று, பெட்டியை வாங்கிக்கொண்டேனே தவிர, ஒரு வார்த்தை வரவில்லை. அன்றைக்கும் "நல்லா பண்ணு" என்று சொல்லலாம் என்றுதான் வாயைத் திறந்தேன். வரவில்லை. கரண்டி சாய்ந்துவிட்டது. முழுக் கரண்டி.

இரண்டு கையாலும் அழுத்தித் தேய்த்தேன். காது, பிடரி, நெற்றிப் பொட்டு. அவன் கண்ணை மூடிக்கொண்டு, "நல்லா இருக்குப்பா" என்றான். அதனால் இன்னும் கொஞ்சம் தேய்த்தேன்.

குளிக்க நேரம் குறைவு. சீயக்காய் போட்டால் டப் அடைத்துக்கொள்ளும் என்று உமா தடை போட்டிருந்தாள். ஷாம்பு ஒரு தடவைதான் போட்டான். ஆறு மணிக்குக் கிளம்பினோம். புல்லெல்லாம் வெள்ளையாக உறைபனி. கார் முழுக்க ஓம வாசனை.

நூடுல்ஸ்

ஒன்பதரைக்கு வெளியே வந்தான். ஏறி உட்கார்ந்து பெல்ட் போட்டுக்கொண்டான். கண் ஓரமெல்லாம் சிவந்திருந்தது. நான் வண்டியை எடுக்கவில்லை.

"இருபத்தோரு தடவை ஸ்னாப் பண்ணேன்பா. இருபது பெர்ஃபெக்ட்."

"ஒண்ணு?"

"ஹெல்மெட் உள்ள சூடாயிடுச்சு. ஆயில் இறங்கி கண்ணுக்குள்ள வந்துச்சு. கையால துடைச்சிட்டேன். அவ்ளோதான்." உள்ளங்கையைக் காட்டினான். இன்னும் மினுமினுத்தது. "கோச் பந்தை எடுத்து மோந்து பார்த்தாரு. அவங்களுக்கு நல்லெண்ணெய்னா சைனீஸ் கடை வாசனைதானே. 'இங்க யாரு நூடுல்ஸ் சாப்பிட்டது?'ன்னு கேட்டாரு."

"நீ என்ன சொன்னே?"

"சாரின்னு சொன்னேன்."

"எண்ணெய்னு சொல்லியிருக்கலாமே."

"ஸ்னாப்பர் ரீசன் சொல்லக் கூடாதுப்பா. வேற வேலைக்கு ரீசன் சொல்லலாம்."

கொஞ்ச தூரம் போன பிறகு, ரோட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னான்: "அம்மாகிட்ட காத்து அடிச்சுதுன்னு சொல்லிக்கிறேன். நீ சும்மா இரு. ஓகே?"

நான் சும்மா இருப்பதில் கெட்டிக்காரன். அது அவனுக்கும் தெரியும்.

கடைக்குப் போனேன். பண்டிகை நாள் கூட்டம். வாழையிலைக் கட்டை வைத்துக்கொண்டு எங்கே வைப்பது என்று தெரியாமல் கொஞ்ச நேரம் நின்றேன். ரோடு ஓரத்து மரத்தில் ஒரு இலைகூட அசையவில்லை.

காற்று இல்லாத நாள்

சாயந்திரம் உமா விளக்கு ஏற்றினாள். சுந்தரம் சாரும் அவர் மனைவி லதாவும் முறுக்குத் தட்டோடு வந்தார்கள்.

"என்னப்பா முகி, சீட்டு கெடைச்சுதா? குனிஞ்சியா நல்லா?"

"நாளைக்குத்தான் சொல்வாங்க அங்கிள். கிடைக்காதுன்னு நெனைக்கிறேன். ஒண்ணு மிஸ் ஆயிடுச்சு. காத்து."

"காத்தா? நான் ஜெர்சி சிட்டியில ஆத்தோரம் நடந்து வர்றேன், ஒரு காத்தையும் காணோமே?"

"அங்க இருந்துச்சு அங்கிள்."

உமா எதுவும் கேட்கவில்லை. தட்டில் லேகியத்தை உருட்டி வைத்துக்கொண்டே சொன்னாள்: "பரவாயில்லைப்பா. ரெண்டு வருஷம் டிரை பண்ணிட்டே. டீல்னா டீல். நாளைக்கு உக்காந்து அப்ளை பண்ணிடலாம்."

"ஓகே மா."

அவ்வளவுதான். அவன் எழுந்து போய், வாசலோரம் கிடந்த இரண்டு பந்தையும் எடுத்து, செருப்பு அலமாரியின் மேல்தட்டில் வைத்தான். பரண் இல்லாத வீட்டில் அதுதான் உயரமான இடம்.

எனக்கு வாயில் முறுக்கு இருந்தது. இருபது வருஷத்தில் வந்தவர்கள் முன்னால் நான் "வாங்க", "சாப்பிடுங்க" தவிர வேறொன்றும் பேசினதில்லை. முறுக்கை விழுங்க முடியவில்லை, துப்பவும் முடியவில்லை.

"காத்து இல்ல" என்றேன்.

லதா அம்மா டி.வி.யைப் பார்த்தார். அதிலிருந்துதான் சத்தம் வந்தது என்று நினைத்திருப்பார்.

"காத்து இல்ல. எண்ணெய். நான்தான் ஊத்தினேன். முழுக் கரண்டி."

"அப்பா..." என்றான் முகிலன்.

"இருடா. ஒரு சொட்டுன்னுதான் உமா சொன்னா. அவ அந்தப் பக்கம் திரும்பினதும் முழுசா ஊத்திட்டேன். அது வழிஞ்சு கண்ணுல போச்சு. கையில பட்டுச்சு. இருபது பந்து நல்லாத்தான் போட்டிருக்கான். நான் வெளியில இருந்து பார்த்தேன், ஒண்ணுதான் வேலிக்கு மேல வந்துச்சு." இதற்குள் எனக்கு மூச்சு வாங்கியது. "அவன் மேல தப்பு இல்ல."

சுந்தரம் சார் வாயைத் திறந்தபடியே என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் பேசுவேன் என்பதே அவருக்குப் புதுச் செய்தி.

உமா லேகியக் கையைக் கழுவிக்கொண்டு வந்தாள். "கார் சீட்டுல தலை சாய்க்கிற எடத்துல கறை இருந்துச்சு. வண்டி வந்ததுமே பார்த்தேன். யாராவது சொல்றாங்களான்னு பார்த்துட்டு இருக்கேன்."

"தெரிஞ்சேதான் டீல்னு சொன்னியா?" என்றேன்.

"நீங்க சொல்லாம நானா எப்படிங்க ரிப்போர்ட் எழுதிக்கிறது?" பிறகு மகனைப் பார்த்தாள். "முகி, சாம்பிள்ல வெளிப்பொருள் கலந்துட்டா லேப்ல என்ன பண்ணுவோம்?"

"எனக்கெப்படிமா தெரியும்?"

"ரிசல்ட்டை எடுத்துக்க மாட்டோம். பாஸும் இல்ல, ஃபெயிலும் இல்ல. மறுபடி மொதல்லேர்ந்து." செருப்பு அலமாரியைக் காட்டினாள். "எடுத்துக் கீழ வை. அடுத்த தீபாவளி வரைக்கும். அடுத்த தடவை எண்ணெய் நான் மட்டும்தான் வைப்பேன். இந்த மனுஷன் கையில கரண்டியே கூடாது."

"அப்போ இன்னும் ஒரு வருஷம் பால் வாங்கிட்டு வரும்போதெல்லாம் நான் அதைப் பார்க்கணுமா?" என்றார் சுந்தரம் சார்.

"வேற பக்கமா நடந்து வாங்க அங்கிள்" என்றான் முகிலன். பந்தை எடுக்கிற சாக்கில் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டான். திரும்பி நிற்பது அவனுக்குப் பழக்கம்தானே.

மறுநாள் புதன்கிழமை. பதினோரு மணிக்குப் போன் வந்தது. வேறொருவனை எடுத்துக்கொண்டார்களாம். கடையில் எட்டுப் பெட்டி வெண்டைக்காய் இறக்கினோம். ஆறு மணிக்கு வீட்டுக்கு வந்து நாற்பது பந்து பிடித்தேன்.